ஆடாமல் விட்ட பந்துக்கும் கணக்கு உண்டு

1954ஆம் ஆண்டு அமெரிக்க பேஸ்பாலில் ஒரு வேடிக்கை நடந்தது. அமெரிக்கன் லீகின் அந்த ஆண்டு பேட்டிங் பட்டம் கிளீவ்லாந்து அணியின் பாபி அவிலாவுக்குப் போனது. அவர் சராசரி 0.341. பாஸ்டன் ரெட் சாக்ஸ் அணியின் டெட் வில்லியம்ஸ் அதே ஆண்டு எடுத்தது 0.345. அதிகம் எடுத்தவருக்குப் பட்டம் இல்லை. பட்டத்துக்குத் தகுதி பெற 400 'அட் பேட்' (அடித்தோ அவுட்டாகியோ முடிந்த தடவைகள்) வேண்டும் என்பது அன்றைய விதி. வில்லியம்ஸிடம் 386தான் இருந்தது.

காறை எலும்பு முறிந்து பருவத்தின் தொடக்கத்தைத் தவறவிட்டது ஒரு காரணம். பெரிய காரணம் வேறு. அந்த ஆண்டு 136 முறை அவர் பந்தை அடிக்காமலே முதல் பேஸுக்கு (ஓடிச் சுற்ற வேண்டிய நான்கு நிலைகளில் முதலாவது) நடந்து போனார். அப்படி நடந்து போனால் அது 'அட் பேட்' கணக்கில் வராது. எதிரணிகள் அவருக்கு நல்ல பந்து போட அஞ்சின. அவரும் கெட்ட பந்தைத் தொடவில்லை. அதற்குக் கிடைத்த பரிசுதான் பட்டம் பறிபோனது. விதி அபத்தமாக இருக்கிறது என்று லீகுக்கே உறைத்திருக்க வேண்டும், 1957 முதல் அதை மாற்றி, களத்துக்கு வந்த மொத்தத் தடவைகளையும் எண்ணத் தொடங்கினார்கள்.

வில்லியம்ஸ் என்றதும் எல்லோரும் சொல்லும் எண் 0.406. அது 1941இல் எடுத்த சராசரி. அதைப் பற்றி நிறையச் சொல்லலாம், சொல்லவும் போகிறேன். ஆனால் அவரைப் புரிந்துகொள்ள எனக்கு உதவியது இந்த 1954 கூத்துதான். அவர் செய்த வேலையின் பாதியை அளக்க அவர் காலத்துக் கணக்குப் புத்தகத்தில் இடமே இல்லை.

கிரிக்கெட் பார்த்து வளர்ந்த நமக்கு இந்தக் கணக்கு முதலில் கொஞ்சம் குழப்பும். பேஸ்பாலில் பந்தை அடித்து, அவுட்டாகாமல் ஏதாவது ஒரு பேஸை அடைந்தால் அது ஒரு 'ஹிட்'. ஹிட்களை அட் பேட்களால் வகுத்தால் பேட்டிங் சராசரி. பத்து முறைக்கு மூன்று ஹிட் என்றால் 0.300, நல்ல ஆட்டக்காரர். அமெரிக்கர்கள் புள்ளியை விட்டுவிட்டு 'முந்நூறு அடிப்பவர்' என்பார்கள். நானூறு என்பது கனவு. அதாவது பத்தில் ஆறு முறை தோற்றாலும் சிகரம்தான்.

பிட்சர் எறியும் பந்து 17 அங்குல அகலமுள்ள ஹோம் பிளேட்டுக்கு மேலே, குறிப்பிட்ட உயரத்துக்குள் வந்தால் 'ஸ்ட்ரைக்'. அதற்கு வெளியே போய், பேட்டரும் மட்டையை வீசாவிட்டால் 'பால்'. மூன்று ஸ்ட்ரைக் ஆனால் அவுட். நான்கு பால் ஆனால் முதல் பேஸ் சும்மா கிடைக்கும். இதற்குப் பெயர் 'வாக்'. ஆஃப் ஸ்டம்புக்கு வெளியே போகும் பந்தை டிராவிட் விட்டுக்கொண்டே இருப்பாரே, அந்தப் பொறுமைக்கு டெஸ்ட் கிரிக்கெட்டில் கைதட்டல் மட்டும்தான் கிடைக்கும். பேஸ்பாலில் ஒரு பேஸே கிடைக்கும்.

ஆனால் பேட்டிங் சராசரி அந்தப் பேஸைக் கண்டுகொள்ளாது. ஹிட்டும் இல்லை, தோல்வியும் இல்லை, ஒன்றுமே நடக்காத மாதிரி. அணியின் பக்கமிருந்து பார்த்தால் நிலைமை வேறு. ஒன்பது இன்னிங்ஸுக்கு ஓர் அணியின் கையிருப்பு 27 அவுட். அது தீர்ந்தால் ஆட்டம் தீர்ந்தது. எனவே ஒரு பேட்டரிடம் முதலில் கேட்க வேண்டிய கேள்வி, எத்தனை தடவை அந்தக் கையிருப்பைச் செலவழிக்காமல் திரும்புகிறார் என்பது. இதை அளப்பது 'ஆன் பேஸ்' விகிதம், அதாவது பேஸ் சேரும் விகிதம். ஹிட், வாக், உடம்பில் பந்து பட்டுக் கிடைக்கும் பேஸ் எல்லாம் இதில் சேரும். மேஜர் லீக் (அமெரிக்கன் லீகும் அடங்கிய உச்ச மட்ட பேஸ்பால்) இதை அதிகாரபூர்வக் கணக்காக ஏற்றுக்கொண்டது 1984இல். வில்லியம்ஸ் மட்டையைக் கீழே வைத்து அதற்குள் 24 ஆண்டுகள் ஓடிவிட்டன.

அவருடைய வாழ்நாள் விகிதம் 0.482. நூறு தடவை வந்தால் 48 தடவை பேஸில் நிற்பார். இரண்டாவது இடத்தில் இருக்கும் பேப் ரூத்தே 0.474தான். சாதாரண ஆட்டக்காரர் மூன்றில் ஒரு பங்கு சேர்ந்தாலே போதும் என்று இருக்கும் ஆட்டம் இது. வாழ்நாளில் 2,021 வாக். மூன்று ஸ்ட்ரைக் வாங்கி வெளியேறியது 709 தடவை மட்டும். இத்தனைக்கும் இவர் தட்டித் தட்டி ஓடும் ஆள் இல்லை; 521 ஹோம் ரன் (ஒரே அடியில் நான்கு பேஸையும் சுற்றிவரும் பெரிய அடி) அடித்தவர். பலமாக வீசுபவர்கள் அதிகம் ஏமாறுவார்கள் என்பது வழக்கம். அந்த வழக்கம் இவரிடம் செல்லவில்லை.

கண் பார்வை அபாரம் என்பார்கள். கடற்படை மருத்துவச் சோதனையில் சராசரி மனிதனைவிட மிகக் கூர்மையான பார்வை என்று தெரிந்தது உண்மை. ஆனால் கண்ணோடு முடிகிற சங்கதி இல்லை இது. பின்னாளில் அவர் ஒரு படம் போட்டுக் காட்டினார். ஸ்ட்ரைக் பகுதியை 77 பந்துகளாகப் பிரித்து, ஒவ்வோர் இடத்திலும் தன்னால் எவ்வளவு சராசரி எடுக்க முடியும் என்று எழுதியிருந்தார். நடுவில் வரும் பந்துக்கு 0.400. வெளியே, தாழ்வாக, மூலையில் வரும் பந்துக்கு 0.230. அதுவும் ஸ்ட்ரைக்தான், ஆனாலும் இரண்டு ஸ்ட்ரைக் விழும்வரை அந்தப் பந்தை ஏன் அடிக்க வேண்டும்? கடைக்காரர் கடனுக்குக் கேட்பவரைத் திருப்பி அனுப்புவதுபோல் பந்துகளை அனுப்பிக்கொண்டிருந்தார்.

சரி, 1941க்கு வருவோம். அப்போது அவருக்கு வயது 23. செப்டம்பர் 27 சனிக்கிழமை ஆட்டம் முடிந்தபோது 448க்கு 179 ஹிட். வகுத்துப் பார்த்தால் 0.39955. மூன்று இலக்கத்துக்குச் சுருக்கினால் 0.400. அடுத்த நாள் பிலடெல்பியாவின் ஷைப் பார்க்கில் ஒரே நாளில் இரண்டு ஆட்டங்கள், பருவம் அத்தோடு முடிகிறது. மேலாளர் ஜோ க்ரோனின், வேண்டுமானால் உட்கார்ந்துகொள் என்று சொல்லிப் பார்த்தார். வில்லியம்ஸ் மாட்டேன் என்றார். அன்றிரவு அணியின் ஆடையறை ஊழியரோடு தெருத்தெருவாக நடந்தே பொழுதைப் போக்கினார்.

காகிதத்தில் போட்டுப் பார்த்தால் அந்த முடிவின் கனம் தெரியும். எட்டு அட் பேட் கிடைத்தால் நான்கு ஹிட் வேண்டும். மூன்றுதான் என்றால் 0.399. முதல் ஆட்டத்தில் ஐந்துக்கு நான்கு அடித்தார், அதில் ஒன்று ஹோம் ரன். பாஸ்டன் 12-11 என்று ஜெயித்தது. இப்போது 453க்கு 183, அதாவது 0.404. இரண்டாவது ஆட்டத்தில் நான்கு தடவை வரிசையாக அவுட்டானாலும் நானூறு தங்கும். அப்போதும் உட்காரவில்லை. மூன்றுக்கு இரண்டு அடித்தார். 456க்கு 185. 0.4057, சுருக்கினால் 0.406.

பிராட்மேனுக்குக் கடைசி இன்னிங்ஸில் நான்கு ரன் குறைந்து 99.94இல் நின்றது நமக்கு நெஞ்சில் தைத்த கதை. இவர் கதை அதற்கு நேர் எதிர்: வாசலில் வைத்துக் கொடுத்த எண்ணைத் தள்ளிவிட்டு உள்ளே போய் வேறு எண் எடுத்து வந்தார்.

இன்னொரு சங்கதி. ஒரு பேட்டர் உயர அடித்த பந்து பிடிபட்டாலும், அந்த நேரத்தில் மூன்றாவது பேஸில் நிற்பவர் ஓடி ரன் எடுத்துவிட்டால், இன்று அது 'தியாக அடி', சராசரியைப் பாதிக்காது. 1941இல் அந்தச் சலுகை இல்லை. 1954இல்தான் திரும்ப வந்தது. இன்றைய விதிப்படி கணக்குப் போட்டால் அவர் சராசரி 0.410ஐத் தாண்டும்.

அந்த ஆண்டின் 147 வாக்கையும் சேர்த்துப் பாருங்கள். 606 தடவை களத்துக்கு வந்து 335 தடவை பேஸ் சேர்ந்தார். விகிதம் 0.553. இரண்டில் ஒன்றுக்கு மேல்! இந்த எண் 2002இல் பேரி பாண்ட்ஸ் தாண்டும்வரை 61 ஆண்டுகள் நின்றது. 1941இல் யாரும் இதை எண்ணிப் பார்க்கவில்லை.

எண்ணியிருந்தால் அந்த ஆண்டின் மிகச் சிறந்த வீரர் விருது யாருக்குப் போயிருக்கும்? போனது நியூயார்க் யாங்கீஸின் ஜோ டிமாஜியோவுக்கு. மே 15 முதல் ஜூலை 16 வரை தொடர்ந்து 56 ஆட்டங்களில் ஹிட் அடித்தவர், இன்றுவரை யாரும் கிட்டே வராத சாதனை. அவர் அணிதான் லீகையும் வென்றது. குறை சொல்ல முடியாத தேர்வு. ஆனால் ஒரு சுவாரசியம்: அந்த 56 ஆட்டக் காலத்தில் டிமாஜியோவின் சராசரி 0.408. அதே நாட்களில் வில்லியம்ஸ் 0.412.

1942இல் நடந்ததை மட்டும் என்னால் நியாயப்படுத்த முடியவில்லை. வில்லியம்ஸ் சராசரி 0.356, ஹோம் ரன் 36, அடித்துக் கொண்டுவந்த ரன் 137. மூன்றிலும் லீகில் முதலிடம். இதற்கு 'ட்ரிபிள் கிரவுன்' என்று பெயர், தலைமுறைக்குச் சிலருக்கே வாய்க்கும். விருது யாங்கீஸின் ஜோ கார்டனுக்கு. கார்டனும் இரண்டு கணக்கில் லீகிலேயே முதலிடம்: அதிக ஸ்ட்ரைக் அவுட், ஒரே அடியில் இரண்டு அவுட் கொடுத்தது. 1947இல் வில்லியம்ஸ் இரண்டாவது முறை ட்ரிபிள் கிரவுன் எடுத்தார். விருதை ஒரே ஒரு புள்ளியில், 202-201 என்று, மறுபடி டிமாஜியோ கொண்டுபோனார். அந்த ஆண்டு பேஸ் சேரும் விகிதம் வில்லியம்ஸுக்கு 0.499, டிமாஜியோவுக்கு 0.391. விருதுக்கு ஓட்டுப் போட்டவர்கள் பத்திரிகை நிருபர்கள். வில்லியம்ஸுக்கும் நிருபர்களுக்கும் ஏழாம் பொருத்தம் என்பதையும் சொல்லியாக வேண்டும். வாயை அடக்காத மனிதர், ரசிகர்களைப் பார்த்துக் காறித் துப்பியதும் உண்டு. விருது இரண்டு முறை கிடைத்தது, 1946இலும் 1949இலும்.

அந்த 1949 இன்னொரு தலைவலி. 43 ஹோம் ரன், அடித்துக் கொண்டுவந்த ரன் 159. மூன்றாவது ட்ரிபிள் கிரவுனுக்குச் சராசரி மட்டும் பாக்கி. டெட்ராய்ட்டின் ஜார்ஜ் கெல் 522க்கு 179, அதாவது 0.3429. வில்லியம்ஸ் 566க்கு 194, 0.3428. ஆண்டு முழுவதிலும் இன்னும் ஒரே ஒரு ஹிட் விழுந்திருந்தால் போதும். அதே ஆண்டு ஜூலை முதல் செப்டம்பர் வரை தொடர்ந்து 84 ஆட்டங்களில் எப்படியாவது ஒரு முறையேனும் பேஸ் சேர்ந்தார். டிமாஜியோவின் 56 பள்ளிப் பிள்ளைக்கும் தெரியும். இந்த 84 தெரிந்தவர்கள் அமெரிக்காவிலேயே கொஞ்சம்தான்.

ஒற்றை ஆட்டங்களில் மின்னியது பற்றிப் பேசினால் 1946ஐ விட முடியாது. போர் முடிந்து, மூன்று ஆண்டு இடைவெளிக்குப் பிறகு திரும்பிய பருவம். ஜூன் 9 அன்று பாஸ்டனின் ஃபென்வே பார்க்கில் அடித்த பந்து 502 அடி போய், கூட்டத்தில் இருந்த ஒருவரின் வைக்கோல் தொப்பியில் விழுந்து ஓட்டை போட்டது. அந்த இடத்தில் இன்று பச்சை இருக்கைகளுக்கு நடுவே ஒரே ஒரு சிவப்பு இருக்கை இருக்கிறது.

ஒரு மாதம் கழித்து, ஜூலை 9, அதே மைதானத்தில் இரு லீகுகளின் சிறந்த வீரர்கள் மோதும் நட்சத்திர ஆட்டம். நான்கு அட் பேட், நான்கு ஹிட், அதில் இரண்டு ஹோம் ரன், கூடவே ஒரு வாக். ஐந்து ரன்களைக் கொண்டுவந்தார். எதிரணியின் ரிப் சூவல் ஒரு விசித்திரப் பந்து வீசுவார். வானத்தைப் பார்க்க எழும்பி, பஞ்சுப் பொதிபோல் மெல்ல இறங்கும். வேகமே இல்லாததால் அதை யாராலும் ஹோம் ரன் அடிக்க முடிந்ததில்லை. வில்லியம்ஸ் அடித்தார். புகைப்படங்களில் பார்த்தால் கோட்டைத் தாண்டி முன்னால் இறங்கி அடித்திருப்பது தெரிகிறது, விதிப்படி அவுட். அன்றைக்கு யாரும் கேட்கவில்லை. அவர் பக்கம் 12-0 வெற்றி.

ஐந்து நாள் கழித்து, ஜூலை 14, கிளீவ்லாந்துக்கு எதிராக ஒரே ஆட்டத்தில் மூன்று ஹோம் ரன், எட்டு ரன். எதிரணியின் ஆட்டக்காரர்–மேலாளர் லூ பூட்ரோ தானும் ஐந்து ஹிட் அடித்து, ஐந்துமே பெரிய அடியாக இருந்தும் 11-10 என்று தோற்றார். எரிச்சலில் அன்றைய இரண்டாவது ஆட்டத்தில் ஒரு காரியம் செய்தார். இடக்கை ஆட்டக்காரரான வில்லியம்ஸ் பெரும்பாலும் வலது பக்கம்தான் அடிப்பார் என்பதால், தடுப்பாளர்களை எல்லாம் வலப் பக்கம் குவித்தார். இடது பக்கம் கிட்டத்தட்ட காலி, புறக்களத்தில் ஒரே ஓர் ஆள். இதுதான் பின்னாளில் 'ஷிப்ட்' என்ற பெயரில் மேஜர் லீக் முழுக்கப் பரவி, எரிச்சலூட்டும் அளவுக்கு வளர்ந்து, 2023இல் விதி போட்டுக் கட்டுப்படுத்த வேண்டி வந்த உத்தி.

காலியாகக் கிடக்கும் பக்கம் தட்டிவிட வேண்டியதுதானே என்று எல்லோரும் கேட்டார்கள். வீம்பு, பெரும்பாலும் கேட்கவில்லை. ஆனால் ஒரு தடவை கேட்டார். செப்டம்பர் 13, மறுபடி கிளீவ்லாந்து, லீக் பட்டம் உறுதியான நாள். காலி இடது பக்கம் உயரமாக ஒன்றை அடித்துவிட்டு ஓடினார். பந்தைப் பொறுக்கி எறிவதற்குள் நான்கு பேஸையும் சுற்றிவிட்டார். மைதானத்துக்குள்ளேயே ஓடி எடுத்த ஹோம் ரன் அவர் வாழ்நாளில் அது ஒன்றுதான். ஆட்டம் 1-0. அதன் பிறகு இரு லீகுகளையும் வென்ற அணிகள் மோதும் உலகத் தொடரில் செயின்ட் லூயிஸுக்கு எதிராக 25க்கு 5, எல்லாமே ஒரு பேஸ் மட்டும் தரும் ஒற்றை அடி. தொடருக்கு முன் ஒரு பயிற்சி ஆட்டத்தில் முழங்கையில் பந்து பட்டிருந்தது. ஏழாவது ஆட்டத்தில் பாஸ்டன் தோற்றது. அவர் ஆடிய ஒரே உலகத் தொடர் அது.

மொத்த எண்களைப் பார்ப்பவர்கள் ஒரு கழித்தலையும் மனதில் வைக்க வேண்டும். 2,654 ஹிட், 521 ஹோம் ரன், சராசரி 0.344. இதில் 1943, 1944, 1945 மூன்றும் சுத்தமாக இல்லை. 24 முதல் 26 வயதுவரை கடற்படை விமானியாகப் போய்விட்டார். 33 வயதில் மறுபடி கூப்பிட்டு கொரியப் போருக்கு அனுப்பினார்கள். 39 முறை போர் விமானம் ஓட்டினார். 1953 பிப்ரவரியில் சுடப்பட்டுத் தீப்பற்றிய விமானத்தைச் சக்கரம் இறங்காமலே வயிற்றால் தரையிறக்கிக் குதித்து ஓடினார். அந்த ஆகஸ்ட்டில் திரும்பி வந்து, மீதமிருந்த நாட்களில் 91க்கு 37 ஹிட், 13 ஹோம் ரன். சராசரி 0.407. ஆட்டங்கள் குறைவு என்பதால் யாரும் அதைச் சாதனை என்று எழுதுவதில்லை. சாதாரணமாக ஆடியிருந்தால்கூட அந்த ஏறக்குறைய ஐந்து ஆண்டுகளில் இன்னும் 150 ஹோம் ரன் வந்திருக்கும் என்பது என் கணிப்பு. மற்றவர்கள் இதைவிடத் தாராளமாகச் சொல்கிறார்கள்.

என்னைக் கேட்டால், 0.406ஐவிடப் பெரியது 1957இன் 0.388. பருவத்தின் நடுவில் வயது 39 ஆனது. கால் ஓடாது. இளைஞன் ஓடியே எடுத்துவிடும் உள்வட்ட ஹிட்கள் இவருக்கு இல்லை. 420க்கு 163, இன்னும் ஐந்து ஹிட் கிடைத்திருந்தால் நானூறு. மே மாதம் ஒன்று, ஜூன் மாதம் ஒன்று என்று மூன்று ஹோம் ரன் ஆட்டங்கள் இரண்டு. செப்டம்பரில் உடம்பு சரியில்லாமல் படுத்திருந்துவிட்டு எழுந்து வந்தவர் தொடர்ந்து 16 தடவை அவுட்டே ஆகவில்லை: நான்கு ஹோம் ரன், இரண்டு ஒற்றை அடி, ஒன்பது வாக், ஒரு தடவை உடம்பில் பந்து. அந்தப் பதினாறில் பத்தைப் பேட்டிங் சராசரி பார்க்கவே இல்லை. விருது யாங்கீஸின் மிக்கி மேன்டிலுக்கு.

1959இல் கழுத்து வலியோடு ஆடி 0.254க்குச் சரிந்தார். முந்நூறுக்குக் கீழே போன ஒரே பருவம். அடுத்த ஆண்டு 0.316 எடுத்துவிட்டுக் கிளம்பினார். கடைசி நாள் 1960 செப்டம்பர் 28. ஷைப் பார்க்கில் அந்த எட்டு அட் பேட் நடந்து சரியாக 19 ஆண்டு. ஃபென்வேயில் கூட்டம் 10,454 பேர்தான். முதல் தடவை வாக், வேறென்ன. அப்புறம் இரண்டு தடவை உயர அடித்துப் பிடிபட்டார். எட்டாவது இன்னிங்ஸில் ஜாக் ஃபிஷர் போட்ட பந்தை வலது பக்கச் சுவருக்கு அப்பால் அனுப்பினார். 521. கூட்டம் கத்திக்கொண்டே இருந்தது. தொப்பியைத் தூக்கிக் காட்டாமல் தலையைக் குனிந்துகொண்டு ஓடி உள்ளே போய்விட்டார். அணிக்கு நியூயார்க்கில் இன்னும் மூன்று ஆட்டங்கள் பாக்கி இருந்தன. அவர் போகவில்லை.

1966இல் கூப்பர்ஸ்டவுனில் புகழ் மண்டபத்தில் சேர்த்தபோது, யாரும் எதிர்பார்க்காத ஒன்றைப் பேசினார். கறுப்பின வீரர்களை மேஜர் லீகில் சேர்க்காத காலத்தில் தனி லீகுகளில் ஆடிய சாச்சல் பேஜ், ஜாஷ் கிப்சன் போன்றவர்களுக்கும் இந்த மண்டபத்தில் இடம் வேண்டும் என்றார். 1971இல் பேஜ் உள்ளே வந்தார், மறு ஆண்டு கிப்சன். அந்த லீகுகளின் எண்களை மேஜர் லீகின் ஏடுகளில் சேர்க்க 2024 மே மாதம் ஆனது. சேர்த்ததும் 1943இல் கிப்சன் எடுத்த 0.466 பட்டியலின் உச்சிக்குப் போனது. 1948இல் பர்மிங்ஹாம் அணிக்காக ஆடிய ஆர்ட்டி வில்சனும் நானூறுக்கு மேல் எடுத்திருந்தார். ஆகவே 83 ஆண்டுகளாக வில்லியம்ஸ் பெயரோடு ஒட்டிக்கொண்டிருந்த 'கடைசியாக நானூறு அடித்தவர்' என்ற அடைமொழி இப்போது ஏட்டின்படி அவருடையது இல்லை. பேஸ் சேரும் விகிதத்தில் புதிதாக வந்த கிப்சனுடையது 0.459. அந்த வரிசையின் முதல் இடத்தில் 0.482 அப்படியே இருக்கிறது.